50,000 தடவை செத்த நடிகர்: செய்சோ ஃபுகுமோட்டோ பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஜப்பானியப் படங்களைப் பற்றிப் பேச்சு வந்தால் நான் எப்படியாவது செய்சோ ஃபுகுமோட்டோவை உள்ளே இழுத்து வந்துவிடுவேன். இயக்குநர் குரோசாவா, நடிகர் மிஃபூனே என்று பேசிக்கொண்டிருந்தவர்கள் கொஞ்சம் முழிப்பார்கள். அப்புறம் வரும் கேள்விகள் கிட்டத்தட்ட எல்லோரிடமும் ஒன்றுதான். தனித்தனியாகச் சொல்லி அலுத்துவிட்டதால் இங்கே மொத்தமாக எழுதி வைக்கிறேன். கேள்விகளைக் கேட்டவர்கள் கேட்ட மாதிரியே விட்டிருக்கிறேன், கிண்டலாகக் கேட்டதையும் சேர்த்து.

யாருங்க இவரு? நான் கேள்விப்பட்டதே இல்லையே?

பெயரைக் கேட்டிருக்க மாட்டீர்கள். முகத்தைப் பார்த்திருக்க வாய்ப்பு உண்டு. 2003ல் வந்த 'தி லாஸ்ட் சாமுராய்' படத்தில், பிடிபட்ட டாம் குரூஸுக்குப் பின்னாலேயே வாயைத் திறக்காமல் நடந்து வருவாரே ஒரு வயதான சாமுராய், அவர்தான். பெயர் சொல்ல மாட்டேன் என்கிறாரே என்று குரூஸே அவருக்கு 'பாப்' என்று ஒரு பெயர் வைத்துவிடுவார்.

1943 பிப்ரவரி 3 அன்று ஹியோகோ மாகாணத்தில், ஜப்பான் கடலை ஒட்டிய கசுமி என்ற ஊரில் பிறந்தவர். 15 வயதில் கியோட்டோவிலுள்ள தோயே ஸ்டுடியோவில் சேர்ந்தார். அதன்பின் அரை நூற்றாண்டுக்கும் மேலாகப் படங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் துணை நடிகர். பெரும்பாலான வேஷங்களில் அவருக்கு வேலை ஒன்றுதான்: கதாநாயகன் வாளை வீசியதும் செத்து விழ வேண்டும். 2021 ஜனவரி 1 அன்று நுரையீரல் புற்றுநோயால் காலமானார். வயது 77.

ஹீரோ கையால சாகறது ஒரு தொழிலா? அதுக்குன்னு தனி ஆளா?

ஆமாம், தனி ஆட்கள்தான். 'ஜிதைகேகி' எனப்படும் ஜப்பானிய சரித்திரக் கதைகளுக்கு ஒரு வாய்ப்பாடு உண்டு. பேராசை பிடித்த வியாபாரியும் லஞ்சம் வாங்கும் அதிகாரியும் கூட்டுச் சேர்ந்து ஊரை வதைப்பார்கள். கடைசிப் பத்து நிமிடத்தில் நாயகன் அந்த மாளிகை முற்றத்தில் வந்து நிற்பார். 'வெட்டிப் போடுங்கள் அவனை' என்று உத்தரவு வந்ததும் கதவுகளைத் தள்ளிக்கொண்டு ஒரு கூட்டமே ஓடி வரும். அந்தக் கூட்டத்தில் ஒவ்வொருவருக்கும் வெட்டுப்பட்டு விழத் தெரிந்திருக்க வேண்டும். இவர்களைக் 'கிராரேயாகு' என்பார்கள், அதாவது வெட்டுப்படும் வேஷக்காரர்கள். தோயேயின் கியோட்டோ ஸ்டுடியோவில் இவர்களுக்கென்றே 'சுருகிகாய்' என்று ஒரு வாள் குழு இருக்கிறது. ஃபுகுமோட்டோ அதன் மூத்தவர்களில் ஒருவர்.

இந்தக் கூட்டத்துக்குள்ளேயும் ஓர் அந்தஸ்து உண்டு. எஜமான் இல்லாத ஒரு கூலி சாமுராய் தூணில் சாய்ந்து சாக்கே குடித்துக்கொண்டிருப்பார். அடியாட்கள் எல்லோரும் சுருண்டு விழுந்ததும் வியாபாரி நடுங்கிக்கொண்டே 'குருவே, நீங்கள் கொஞ்சம் பாருங்கள்' என்பார். குரு கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டு மெதுவாக எழுந்து வருவார். நாயகனோடு தனியாக மோத அவருக்கு ஒரு பத்து நொடி கிடைக்கும். வயது ஏற ஏற ஃபுகுமோட்டோவுக்கு அந்தக் குரு வேஷம் அடிக்கடி கிடைத்தது.

சின்ன வயசுலேயே வாள் கத்துக்கிட்டு வந்தவரா?

இல்லை. பள்ளிக்கூடம் முடிந்ததும் கியோட்டோவில் உறவினரின் அரிசிக் கடைக்கு வேலைக்கு வந்த பையன். கடை வியாபாரம் ஒத்துவரவில்லை. தெரிந்தவர் மூலமாக 1958ல் ஸ்டுடியோவுக்குள் நுழைந்தார். நடிகனாக வேண்டும் என்ற கனவெல்லாம் இல்லை. ஒரு வேலை வேண்டும், அவ்வளவுதான்.

அவர் சேர்ந்த வருடத்தைக் கவனியுங்கள். ஜப்பானில் சினிமாவுக்கு அதிகம் பேர் போன வருடம் 1958. சுமார் 112 கோடி டிக்கெட் விற்றது. தோயே வாரா வாரம் இரட்டைப் படம் வெளியிட்டுக்கொண்டிருந்த காலம். ஆள் எத்தனை பேர் வந்தாலும் போதாது. கும்பலில் ஓடவும், பல்லக்கு தூக்கவும், பிணமாகக் கிடக்கவும் நூற்றுக்கணக்கானவர்களை ஸ்டுடியோ வேலைக்கு வைத்திருந்தது. நட்சத்திரங்களுக்குத் தனி அறை. இவர்கள் எல்லோருக்கும் சேர்த்து ஒரு பெரிய கூடம். அதனால் 'ஓபேயா' நடிகர்கள், அதாவது பெரிய அறைக்காரர்கள், என்றே அவர்களுக்குப் பெயர். அந்த அறையில்தான் பார்த்துப் பார்த்து எல்லாவற்றையும் கற்றுக்கொண்டார்.

அவ்வளவு வருஷம் இருந்தும் ஏன் ஹீரோ ஆகல? திறமை போதலையா?

திறமைக்கும் இதற்கும் சம்பந்தம் குறைவு. ஸ்டுடியோவுக்குள் போக இரண்டு வாசல் இருந்தன. நாயகர்களைத் தேர்ந்தெடுக்க தோயே 'புதுமுகம்' என்று ஒரு போட்டி வைத்திருந்தது. கென் தகாகுரா அந்த வழியாக வந்தவர். சோனி சிபா 1959ல் அதே வழியாக வந்தார், அதாவது ஃபுகுமோட்டோவுக்கு அடுத்த வருடம். அவர்களுக்கு ஆரம்பமே பெயர் உள்ள வேஷம். பெரிய அறை வாசல் வழியாக வந்தவருக்குப் பெயர்ப் பட்டியலில்கூட இடம் கிடையாது.

மேலே ஏறியவர்கள் அறவே இல்லை என்று சொல்ல முடியாது. அதே கியோட்டோ பெரிய அறையிலிருந்து வந்த தகுசோ கவதானி 1970களில் நாடறிந்த நடிகர் ஆனார். ஆனால் அது விதிவிலக்கு. ஃபுகுமோட்டோவைப் பொறுத்தவரை, அவர் அந்தப் பக்கம் முட்டி மோதிய மாதிரியே தெரியவில்லை. நன்றாக விழுவது எப்படி என்பதிலேயே அவர் கவனம் முழுக்க நின்றுவிட்டது. எனக்கு அவரைப் பிடித்ததற்கு முதல் காரணம் அதுதான்.

ஒரே சண்டையில ஒரே ஆள் ரெண்டு மூணு தடவை சாவாராமே, நிஜமா?

நிஜம். வெட்டுப்பட்டதும் தடுமாறிக்கொண்டே கேமரா பார்வையை விட்டு வெளியே போய் விழுவார்கள். அங்கேயே கிடக்க மாட்டார்கள். எழுந்து, பின்பக்கமாகச் சுற்றி ஓடி, மறுபடி வாளோடு வரிசையில் நின்றுவிடுவார்கள். பத்துப் பேரை வைத்து முப்பது பேரை வெட்டிய மாதிரி காட்டிவிடலாம்.

ஃபுகுமோட்டோவுக்கு இதில் ஒரு சிக்கல். ஒட்டிய கன்னம், துருத்திய எலும்பு, முறைக்கும் கண். ஒருமுறை பார்த்தால் மறக்காத முகம். 'இப்போதுதானே செத்தார்' என்று பார்க்கிறவர்கள் கண்டுபிடித்துவிடுவார்கள். ஜப்பானில் அவருக்கு ரசிகர்கள் உருவானதே இப்படித்தான். கதையை விட்டுவிட்டு, இன்றைக்கு அவர் எந்த மூலையில் சாகிறார் என்று தேட ஆரம்பித்தார்கள்.

50,000 தடவை செத்தார்ங்கறாங்களே, யார் உட்கார்ந்து எண்ணினது?

யாரும் நோட்டுப் போட்டு எண்ணவில்லை. '50,000 தடவை வெட்டுப்பட்ட மனிதர்' என்பது பத்திரிகைகளும் விளம்பரங்களும் சேர்ந்து நிலைநாட்டிய பட்டம்.

கொஞ்சம் வகுத்துப் பார்க்கலாம். 1958லிருந்து அவர் ஸ்டுடியோவில் ஓய்வு பெற்ற 2003 வரை 45 வருடம். 50,000ஐ அதால் வகுத்தால் வருடத்துக்கு 1,100க்குக் கொஞ்சம் மேல். விடுமுறையே எடுக்காமல் நாளொன்றுக்கு மூன்று சாவு. திரையில் வந்ததை மட்டும் கணக்கிட்டால் நம்பக் கஷ்டம். ஒத்திகை, திரும்பத் திரும்ப எடுத்த டேக்குகள், முந்தைய பதிலில் சொன்ன இரட்டைச் சாவு, ஸ்டுடியோவின் திரைப்படப் பூங்காவில் நடத்திய நேரடி வாள் காட்சிகள், எல்லாவற்றையும் சேர்த்தால் அவ்வளவு அநியாயமான எண்ணாகத் தெரியவில்லை. இதில் இன்னொரு வில்லங்கமும் உண்டு, ஷோகன் (அந்தக் காலத்தில் ஜப்பானை ஆண்ட படைத்தலைவர்) பற்றிய கேள்வியில் வருகிறது.

எபிசோரின்னு ஏதோ சொல்றாங்களே, அது என்ன?

அவருடைய முத்திரை. எபி என்றால் இறால். வெட்டு விழுந்ததும் முன்னால் கவிழாமல், உடம்பைப் பின்பக்கமாக வில்லாக வளைப்பார். முதலில் மார்பு மேலே எழும்பும். முதுகு வளையும், தலை பின்னால் தொங்கும். முகம் தலைகீழாகக் கேமராவைப் பார்க்கும். கண் திறந்தபடி, வாய் கோணியபடி ஒரு கணம் அப்படியே நிற்பார். கைகள் காற்றில் எதையோ பிடிக்கப் பார்க்கும். அப்புறம் கையை ஊன்றாமல் முதுகு அப்படியே தரையில் போய் விழும்.

வித்தை காட்டுவதற்காக மட்டும் வந்த பழக்கமில்லை இது. சண்டைக் காட்சியில் கேமரா நாயகன் முகத்தைத்தான் பார்க்கும். எதிரே நிற்பவருக்கு முதுகுதான் தெரியும். அவர் முன்னால் விழுந்தால் கடைசி வரை முகமே தெரியாது. பின்னால் வளைந்தால் ஒரு நொடி அந்த முகம் திரைக்கு வரும். பெயர் இல்லாத, வசனம் இல்லாத ஆளுக்கு நடிக்கக் கிடைக்கும் மொத்த நேரம் அந்த ஒரு நொடிதான்.

அப்படியானால் நாயகனிடமிருந்து பார்வையைத் திருடிவிட மாட்டாரா என்று உடனே கேட்பார்கள். அங்கேதான் அவருடைய கெட்டிக்காரத்தனம். இந்த மனிதனையே இப்படி வளைத்துப் போட்டதென்றால் அந்த வெட்டு எப்படிப்பட்டது என்றுதான் பார்க்கிறவருக்குத் தோன்றும். நாயகன் கையை லேசாக வீசியிருந்தாலும் போதும், விழுகிறவர் அதை மரண அடி ஆக்கிவிடுவார். பாட்டுக்கு மிருதங்கம் மாதிரி. எப்போது நிறுத்த வேண்டும் என்று தெரிந்திருக்க வேண்டும்.

சாப்ளினைப் பார்த்துக் கத்துக்கிட்டாராமே? அவர் காமெடி ஆச்சே?

சாப்ளின் படங்களில் ஆட்கள் விழும் விதத்தைக் கவனித்ததாக அவரே சொல்லியிருக்கிறார். சாப்ளின் விழும்போது நாம் சிரிப்போம். ஆனால் அந்த உடம்பு நிஜமாகவே தொப்பென்று தரையில் போய்த்தான் விழும். பார்க்கிறவருக்கு வலித்தால்தான் அது விழுவது. சிரிக்க வைக்கவும் சரி, பயமுறுத்தவும் சரி, உடம்புக்குத் தேவையான பயிற்சி ஒன்றுதான். சாப்ளின் சம்பந்தம் அவர் வாழ்க்கையில் இன்னொரு தடவை வரும், 71 வயதில். அதைக் கீழே பாருங்கள்.

கையில இருக்கறது நிஜ வாளா? அடி படாதா?

வாள் பொய், அடி நிஜம். சண்டைக்குப் பயன்படுத்துவது 'தகேமிட்சு' எனப்படும் மூங்கில் வாள். மேலே வெள்ளி நிறத் தகடு ஒட்டியிருப்பார்கள். கிட்டத்தில் காட்ட வேண்டுமென்றால் உலோகக் கலவையில் செய்த, முனை மழுங்கிய வாள். மூங்கில்தானே என்று நினைக்க வேண்டாம், வேகமாக வந்து கண்ணில் குத்தினால் போயிற்று.

சண்டையை அமைப்பவர் 'தாதேஷி'. நடுவில் நிற்கும் நாயகன் 'ஷின்'. சுற்றி நின்று பாய்கிறவர்கள் 'கராமி'. எங்கே யார், எத்தனையாவது அடியில், எந்தப் பக்கம் விழ வேண்டும் என்று தாதேஷி சொல்லிக் கொடுப்பார். நாயகன் வரிசையை மறந்துவிடலாம், களைத்துப் போகலாம், வாளைத் தவறான உயரத்தில் வீசலாம். கராமி அப்படித் தவற முடியாது. வாள் எங்கே வருகிறதோ அங்கே இவர் உடம்பைக் கொண்டுபோய் வைக்க வேண்டும். தன் வாள் மட்டும் எந்தச் சூழ்நிலையிலும் நாயகன் மேல் பட்டுவிடக் கூடாது. நட்சத்திரத்துக்கு அடிபட்டால் படப்பிடிப்பு நின்றுவிடும், இவருக்கு அடிபட்டால் அடுத்த ஆள் வருவார். கொஞ்சம் கொடுமையான கணக்குதான்.

விழும் இடமும் மெத்தை கிடையாது. சரளைக் கல், மரத்தளம், படிக்கட்டு, குளிர்காலத்தில் ஆற்றுத் தண்ணீர். நாயகன் செய்ய வேண்டிய ஆபத்தான விழல்களை அவருடைய உடையைப் போட்டுக்கொண்டு செய்ததும் பெரிய அறைக்காரர்கள்தான்.

அப்ப ஸ்டன்ட் மேன்னு ஒரே வார்த்தையில சொல்லிட்டுப் போயிடலாமே?

சொல்லலாம், ஆனால் பாதிதான் சரி. சோனி சிபா 1970ல் 'ஜப்பான் ஆக்‌ஷன் கிளப்' ஆரம்பித்தார். உயரத்திலிருந்து குதிப்பது, கார், கராத்தே என்று நவீன ஸ்டன்ட் அங்கே வளர்ந்தது. கிராரேயாகு அதற்கு முந்தைய மரபு. வேர் கபுகி என்ற பழைய ஜப்பானிய நாடக மேடையில் இருக்கிறது. இவர்களின் முகத்தை மறைக்க மாட்டார்கள். கிமோனோ கட்டத் தெரிய வேண்டும், அந்தக் காலத்து நடை வர வேண்டும், வாளை உறையிலிருந்து எடுக்கும் விதத்திலேயே இவன் காவல்காரனா, திருடனா, வேலை போன சாமுராயா என்று புரிய வேண்டும். இது நடிப்பு. கூலி மட்டும் துணை நடிகர் கூலி.

சினிமாவை விட டிவியிலதான் அதிகம் வந்தாருன்னு சொல்றாங்களே?

ஆமாம், காலம் அப்படி மாறியது. 1958ல் 112 கோடியாக இருந்த டிக்கெட் விற்பனை ஐந்தே வருடத்தில் பாதிக்கும் கீழே இறங்கியது. வீட்டுக்கு வீடு தொலைக்காட்சி வந்துவிட்டது. தோயே வெள்ளித்திரையில் யாகூசா, அதாவது தாதா கும்பல், கதைகளுக்கு மாறியது. வாள் சண்டைக் கதைகள் அப்படியே சின்னத்திரைக்குக் குடிபோயின. ஸ்டுடியோ அதேதான், அதே மண் தெரு, அதே மர வீடுகள். படச்சுருள் மட்டும் வாரத் தொடருக்கு ஓட ஆரம்பித்தது.

தொடர்களின் நீளம் நமக்கே மலைப்பாக இருக்கும். ஹாஷிசோ ஒகாவா நடித்த 'செனிகாதா ஹெய்ஜி' 1966லிருந்து 1984 வரை 888 பகுதிகள். 'மிட்டோ கோமோன்' 1969லிருந்து 2011 வரை, 1,200 பகுதிகளுக்கும் மேல். 1978ல் ஆரம்பித்த 'அபரென்போ ஷோகுன்' தொடரில் கென் மட்சுதைரா கால் நூற்றாண்டு நாயகனாக இருந்தார். இவை எல்லாவற்றிலும் வாரா வாரம் ஒரு கும்பல் வெட்டுப்பட்டாக வேண்டும். போன வாரம் செத்த ஃபுகுமோட்டோ இந்த வாரம் வேறு ஊரில், வேறு கொண்டையோடு மறுபடி வந்து நிற்பார். பார்க்கிறவர்கள் அதைக் குறையாக எடுத்துக்கொள்ளவில்லை. எதிர்பார்க்கவே ஆரம்பித்துவிட்டார்கள்.

ஷோகன் வாளைத் திருப்பிப் பிடிச்சுத்தானே அடிப்பாரு? அப்ப இவர் சாகவே இல்லையே!

இதைக் கேட்டவர் தொடரை ஒழுங்காகப் பார்த்திருக்கிறார். 'அபரென்போ ஷோகுன்' நாயகன் எட்டாவது தோகுகாவா ஷோகன் யோஷிமுனே. சண்டை ஆரம்பிக்கும்போது வாளை 'சடக்' என்று திருப்பிக் கூர் இல்லாத பக்கத்தால்தான் அடிப்பார். அடியாட்கள் வெறுமனே மயங்கி விழுகிறார்கள். கடைசியில் தலைமை வில்லன்களை மட்டும் அவருடைய ஒற்றர்கள் இருவர் நிஜமாக வெட்டுவார்கள். ஹெய்ஜி காசை வீசிப் பிடிக்கும் ஆள், கொல்லுகிறவரே இல்லை. மிட்டோ கோமோனின் உதவியாளர்களும் பெரும்பாலும் அடித்துத் தள்ளுவதோடு சரி.

ஆக, சட்டப்படி பார்த்தால் 50,000 சாவில் கணிசமானவை வெறும் மயக்கம். ஆனால் ஃபுகுமோட்டோ மயக்கத்துக்கும் அதே வில்லாகத்தான் வளைவார். தரையில் அவர் கிடப்பதைப் பார்த்தால் எழுந்து வீட்டுக்குப் போகப்போகிறவர் மாதிரி எனக்குத் தோன்றியதே இல்லை.

இத்தனை வெட்டு, ஒரு சொட்டு ரத்தம் கூட வராதே?

தோயேயின் பாணி அது. 1950களில் அவர்களுடைய வாள் சண்டை கிட்டத்தட்ட நடனம். குடும்பத்தோடு பார்க்கும் படங்கள். பின்னால் மாலையில் குடும்பமே உட்கார்ந்து பார்க்கும் தொடர்களுக்கும் அதுவே வசதியாகப் போயிற்று. ரத்தம் இல்லாததால் வெட்டின் கனம் முழுவதும் விழுகிறவர் உடம்பில்தான் தெரிய வேண்டும். எபிசோரி பற்றிய பதிலை இதோடு சேர்த்துப் படியுங்கள்.

வாள் சண்டையை விட்டா வேற எதுவும் செய்யலையா?

யாகூசா படங்களில் நிறைய. 1973ல் கின்ஜி ஃபுகாசாகு இயக்கிய 'பேட்டில்ஸ் வித்அவுட் ஹானர் அண்ட் ஹியூமானிட்டி' அந்த ஸ்டுடியோவின் முகத்தையே மாற்றியது. தோளில் கேமரா, தெருவில் ஓட்டம், கண்டபடி துப்பாக்கிச் சூடு. அங்கே அழகாக விழுந்தால் எடுபடாது, அசிங்கமாக விழ வேண்டும். பெரிய அறைக்காரர்களுக்கு அது நல்ல காலம். அந்த முரட்டு முகங்களை ஃபுகாசாகு கேமராவுக்கு முன்னால் தள்ளினார். கவதானி வெளிச்சத்துக்கு வந்தது அப்போதுதான். ஃபுகுமோட்டோ அங்கும் கும்பலில் ஒருவராகவே இருந்தார்.

குரோசாவா படத்துல எதுலயாவது இருக்காரா?

அவரைத் தேட வேண்டிய இடம் அது இல்லை. குரோசாவாவின் பெரும்பாலான சாமுராய் படங்கள் தோஹோ நிறுவனத்துடையவை, டோக்கியோ பக்கம். ஃபுகுமோட்டோ தோயேயின் ஆள், கியோட்டோ. அந்தக் காலத்தில் நடிகர்கள் அந்தந்த நிறுவனத்துச் சம்பளக்காரர்கள்.

டாம் குரூஸ் படத்துல ஒரு வசனம்கூட இல்ல. அதுல என்ன பெருமை?

ஒரே ஒரு வசனம் உண்டு. அதை முதலில் சொல்லிவிடுகிறேன். படம் முழுக்க குரூஸின் பாத்திரமான ஆல்க்ரெனைக் காவல் காக்கிறார். ஆல்க்ரென் கேலி செய்கிறார், வம்புக்கு இழுக்கிறார். இவர் அசைய மாட்டார். கடைசிப் போரில் 'ஆல்க்ரென்-சான்!' என்று கத்திக்கொண்டு குறுக்கே பாய்ந்து, அவர் மேல் பாய வேண்டிய குண்டைத் தான் வாங்கிக்கொள்வார். மொத்தமே அந்தப் பெயர்தான் அவருடைய வசனம்.

வசனம் இல்லாமல் நிற்கத் தெரிந்தவரைத் தேடினால் இதைவிடப் பொருத்தமானவர் கிடைக்க மாட்டார். 45 வருடமாக அவர் செய்த வேலையே அது. கென் வாட்டனாபே, ஹிரோயுகி சனாடா போன்ற பெரிய நடிகர்கள் இருக்கும் படத்தில், பின்னணியில் சும்மா நடந்து வரும் இவரை ரசிகர்கள் இன்றைக்கும் 'பாப்' என்று நினைவு வைத்திருக்கிறார்கள். எனக்கு அதில் பிடித்த இன்னொரு விஷயம்: ஆயுள் முழுக்க வாளால் செத்தவரை ஹாலிவுட் துப்பாக்கியால் சாகடித்தது. படத்தின் கதையும் அதுதானே, வாளுக்குக் காலம் முடிந்துவிட்டது என்பது.

60 வயசுல ரிட்டயர் ஆனாராமே? நடிகனுக்கு ஏதுங்க ரிட்டயர்மென்ட்?

குரோசாவா பற்றிய பதிலில் சொன்ன மாதிரி, அவர் நிறுவனத்துச் சம்பளக்காரர். அலுவலக குமாஸ்தாவுக்கு எப்படியோ அப்படித்தான் இவருக்கும்; 2003ல் 60 நிறைந்ததும் தோயே வழக்கமான முறைப்படி ஓய்வு கொடுத்தது. அதே வருடம் டிசம்பரில் 'தி லாஸ்ட் சாமுராய்' உலகம் முழுக்க வெளியானது. ஓய்வுக்குப் பிறகும் அழைத்தபோதெல்லாம் வந்து வெட்டுப்பட்டுவிட்டுப் போனார்.

அதற்கு முன்பே, 2001ல், அவர் சொல்லச் சொல்ல டோயோஜி ஓடா எழுதிய வாழ்க்கைக் கதை புத்தகமாக வந்திருந்தது. 'எங்கேயோ யாரோ பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்' என்பது தலைப்பு. பெயர்ப் பட்டியலில் இல்லாத ஆளுக்கு ரசிகர்கள் வந்த கதையை மேலே சொன்னேனே, அதைத் தெரிந்துகொண்டு படித்தால் அந்தத் தலைப்பை வெறும் ஆறுதல் என்று தள்ளிவிட முடியாது.

கடைசியில ஹீரோவா ஒரு படம் பண்ணினாரே, அது அவரோட சொந்தக் கதையா?

பாதி. 2014ல் வந்த 'உசுமாசா லைம்லைட்'. தோயே ஸ்டுடியோ இருக்கும் பகுதியின் பெயர்தான் உசுமாசா. கென் ஓச்சியாய் இயக்கம். திரைக்கதை எழுதிய ஹிரோயுகி ஓனோ சாப்ளின் ஆராய்ச்சியாளர். வயதான கலைஞர் ஒருவர் ஓர் இளம் பெண்ணைத் தூக்கிவிட்டுத் தான் ஒதுங்கும் சாப்ளினின் 1952ம் வருட 'லைம்லைட்' படத்தை மனதில் வைத்து எழுதியது.

கதையில் கமியாமா என்ற கிழ கிராரேயாகு. நாற்பது வருடம் ஓடிய தொடரை நிறுத்திவிடுகிறார்கள். புதிய இயக்குநருக்கு இவர்கள் தேவையில்லை. பூங்காவில் சுற்றுலாப் பயணிகளுக்கு வாள் சுற்றிக் காட்டும் வேலைக்குத் தள்ளப்படுகிறார். அங்கே சத்சுகி என்ற பெண் வந்து கற்றுக்கொடுக்கச் சொல்கிறாள். அவள் நட்சத்திரமாகி, கடைசியில் அவள் கையால் வெட்டுப்பட அவர் திரும்ப வருகிறார். சத்சுகியாக நடித்த சிஹிரோ யமமோட்டோ நிஜத்திலேயே சீனத் தற்காப்புக் கலைப் போட்டிகளில் வென்றவர், அதனால் சண்டைகளில் ஏமாற்று வேலை இல்லை.

மான்ட்ரியலில் நடக்கும் ஃபன்டேஷியா திரைப்பட விழாவில் சிறந்த படம், சிறந்த நடிகர் இரண்டு விருதும் கிடைத்தன. முதல் நாயக வேஷம், 71 வயது, சிறந்த நடிகர். படத்தில் சில இடங்கள் கொஞ்சம் அதிகமாகவே உருகும், அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் அந்தக் கடைசி வளைவுக்காக எல்லாவற்றையும் பொறுத்துக்கொள்ளலாம்.

அவருக்கப்புறம் இந்தத் தொழில் இருக்கா, செத்துப் போச்சா?

மெலிந்துவிட்டது. 2011 டிசம்பரில் 'மிட்டோ கோமோன்' வாரத் தொடர் நின்றது உசுமாசாவுக்குப் பெரிய அடி. ஒழுங்காக வேலை தந்துகொண்டிருந்த கடைசிப் பெரிய தொடர் அது. வாரா வாரம் வெட்டுப்பட்டால்தான் விழக் கற்றுக்கொள்ள முடியும். வருடத்துக்கு ஓரிரண்டு சிறப்புப் படங்களை வைத்துப் புதியவர்களைத் தயாரிப்பது கஷ்டம். சுருகிகாய் இன்னும் இயங்குகிறது.

இதற்கு நடுவே எதிர்பாராத ஒரு படம் வந்தது. நெல் விவசாயமும் செய்யும் ஜுனிச்சி யசுடா என்ற சுயாதீன இயக்குநர், கைக்காசைப் போட்டு 'எ சாமுராய் இன் டைம்' எடுத்தார். ஷோகன் ஆட்சியின் கடைசிக் காலத்து சாமுராய் ஒருவன் மின்னல் தாக்கி இன்றைய கியோட்டோ ஸ்டுடியோவுக்குள் வந்து விழுகிறான், பிழைப்புக்கு கிராரேயாகு ஆகிறான். 2024ல் டோக்கியோவில் ஒரே ஒரு திரையரங்கில் ஆரம்பித்து நாடு முழுக்கப் பரவி, 2025ல் ஜப்பான் அகாதெமியின் சிறந்த படமானது. அதில் வரும் தாதேஷி வேஷம் ஃபுகுமோட்டோவை மனதில் வைத்து எழுதப்பட்டது. அவர் போய்விட்டதால், தோயே வாள் குழுவில் அவரோடு இருந்த ரந்தாரோ மினே அதைச் செய்தார்.

சரி, எங்கிருந்து பார்க்க ஆரம்பிக்கறது? கும்பல்ல அவரை எப்படிக் கண்டுபிடிக்கறது?

முதலில் 'உசுமாசா லைம்லைட்'. அதில் முகம் பழகிவிடும், எபிசோரியை நிதானமாகப் பார்க்கவும் முடியும். அடுத்து 'தி லாஸ்ட் சாமுராய்'. இந்தத் தடவை குரூஸை விட்டுவிட்டுப் பின்னால் நிற்பவரைப் பாருங்கள். அதன்பிறகு 'அபரென்போ ஷோகுன்' பழைய பகுதி எதுவானாலும் சரி, நேரமில்லை என்றால் கடைசிப் பத்து நிமிடம் போதும்.

கூட்டத்தில் ஒல்லியாக, கன்னம் ஒட்டி, மற்றவர்கள் கத்திக்கொண்டு ஓடும்போது ஓடாமல் ஓர் ஓரமாக வாளைத் தாழ்த்திப் பிடித்து நிற்பவரைத் தேடுங்கள். அநேகமாக அவர்தான். விழுந்ததும் பார்வையை எடுத்துவிடாதீர்கள், இன்னொரு மூலையிலிருந்து மறுபடி வரக்கூடும்.